நாளிதழுக்குக் கச்சேரி விமர்சனம் எழுத வருகிறவர்களுக்கு: காது முதல் காசோலை வரை

கர்நாடக சங்கீத விமர்சகர் தேவை என்று எந்த நாளிதழும் விளம்பரம் கொடுப்பதில்லை. தேர்வு கிடையாது, பெரும்பாலும் நேர்காணலும் கிடையாது. எங்கே ஆரம்பிப்பது, யாரைக் கேட்பது என்று தெரியாமலேயே நல்ல காது உள்ள பலர் ஒதுங்கிவிடுகிறார்கள். அவர்களுக்காகத்தான் இந்தக் கட்டுரை. சென்னை சபாக்களையும் (கச்சேரி நடத்தும் அமைப்புகள்) டிசம்பர் சீசனையும் வைத்தே எழுதியிருக்கிறேன். கர்நாடக இசைக்கு நாளிதழில் அதிக இடம் கிடைப்பது அங்கேதான், அப்போதுதான்.

முதலில் ஒன்று. இதை நம்பி இருக்கிற வேலையை விடாதீர்கள். இப்போது எழுதுகிறவர்களில் பெரும்பாலோர் வேறு வேலையில் இருப்பவர்கள், அல்லது ஓய்வுபெற்றவர்கள். கட்டுரைக்கு இவ்வளவு என்ற கணக்கில்தான் பணம் வரும்.

1. காதைத் தயார் செய்யுங்கள்

பட்டம் தேவையில்லை. பாடத் தெரிந்திருக்க வேண்டும் என்பதும் இல்லை. ஆனால் வர்ணம், கிருதி என்ற உருப்படி வகைகள் வரையாவது முறையாகக் கற்றிருந்தால் பாதி வேலை முடிந்த மாதிரி. கல்லாதவர் என்றால் குறைந்தது மூன்று வருடம் விடாமல் கேட்டுவிட்டு எழுத வாருங்கள். கேட்பது என்றால் ராகப் பெயர் தெரியாத பதிவைப் போட்டு, ஆலாபனையின் (தாளமில்லாமல் ராகத்தை விரித்துப் பாடுவது) முதல் இரண்டு நிமிடத்துக்குள் ராகத்தை எழுதி, பிறகு சரிபார்ப்பது. முதல் இலக்கு 50 ராகங்கள் போதும்.

சறுக்கும் இடங்கள் எல்லோருக்கும் ஒன்றுதான். தர்பார்–நாயகி, ஆரபி–தேவகாந்தாரி, பைரவி–மாஞ்சி, ரீதிகௌளை–ஆனந்தபைரவி என்று ஒன்றை மற்றொன்றாக நினைக்கவைக்கும் ராக ஜோடிகள். இவற்றில் ஆரோகண அவரோகணத்தை (ஸ்வரங்கள் ஏறி இறங்கும் வரிசை) மனப்பாடம் செய்து பயனில்லை. பிடிகளையும் (ராகத்துக்கே உரிய ஸ்வரத் தொடர்கள்) கமகங்களையும்தான் (ஸ்வரத்தை அசைத்துப் பாடும் விதம்) பழக வேண்டும். ஒரு ஸ்வரத்தில் பிரியும் ஜோடிகள் தனி. ஷண்முகப்ரியாவும் ஸிம்ஹேந்திரமத்யமமும் 56, 57 என்று அடுத்தடுத்த மேளங்கள் (தாய் ராகங்கள்), நிஷாதம் மட்டுமே வேறு. பந்துவராளிக்கும் பூர்விகல்யாணிக்கும் தைவதத்தைக் கேளுங்கள். ஆபோகியில் நிஷாதமே இல்லை, ஸ்ரீரஞ்சனியில் உண்டு. பாடகர் அந்த ஸ்வரத்தைத் தொடும்வரை பொறுத்திருந்து எழுதினால் தவறு வராது.

தாளத்துக்கு என் பரிந்துரை ஒரே சோதனைதான்: தனி ஆவர்த்தனம் (தாள வாத்தியங்கள் மட்டும் வாசிக்கும் பகுதி) முழுவதும் கையில் தாளம் போடுங்கள். கடைசிக் கோர்வை (முடிப்புக்கான தாளக் கணக்கு) முடிந்து பாடகர் பல்லவியை எடுக்கும்போது உங்கள் கையும் அதே இடத்தில் இருக்க வேண்டும். ஒரு களை ஆதி, இரண்டு களை ஆதி (ஒவ்வொரு தட்டும் இரண்டாக நீளும் ஆதி), ரூபகம், மிஸ்ர சாபு, கண்ட சாபு ஐந்திலும் இது கைவந்தால் மிருதங்கத்தைப் பற்றி எழுதும் தகுதி வந்துவிட்டது. எடுப்பு (பாட்டு தொடங்கும் இடம்) சமத்திலா (தாளத்தின் முதல் தட்டு), தள்ளியா என்று சொல்லத் தெரியாத நிலையில் 'லய நுணுக்கம்' என்ற சொல்லைத் தொடாதீர்கள்.

சாகித்யத்தில் (பாடல் வரிகள்) பலர் கவனம் வைப்பதில்லை. வாசகரிடமிருந்து அதிகம் திருத்தக் கடிதம் வருவதோ இதில்தான். முத்திரைகளை (இயற்றியவர் பாட்டில் வைக்கும் அடையாளச் சொல்) தெரிந்துகொள்ளுங்கள். குருகுஹ என்றால் தீட்சிதர், ச்யாமகிருஷ்ண என்றால் சியாமா சாஸ்திரி, பத்மநாப என்றால் பெரும்பாலும் ஸ்வாதித் திருநாள், ஹரிகேச என்றால் முத்தையா பாகவதர், ராமதாஸ என்றால் கச்சேரி மேடையில் பெரும்பாலும் பாபநாசம் சிவன். தெலுங்கில் ராமனைப் பாடினால் தியாகராஜர்தான் என்று எழுதுவது புதியவர்களின் வழக்கமான பிழை. கமாஸில் 'ப்ரோசேவாரெவருரா' மைசூர் வாசுதேவாசார்யர் இயற்றியது. சரணத்தில் வாசுதேவ என்ற முத்திரை இருக்கிறது. யமுனாகல்யாணியில் 'கிருஷ்ணா நீ பேகனே' வியாசராயருடையது. அதைப் புரந்தரதாசர் கணக்கில் சேர்த்து அச்சாகும் விமர்சனம் வருடந்தோறும் கண்ணில் படுகிறது.

முடிந்தால் தெலுங்கு எழுத்தைப் படிக்கப் பழகுங்கள். பதத்தைத் தவறாகப் பிரித்துப் பாடுவதையும், நிரவலுக்கு (ஒரே வரியை வெவ்வேறு விதமாக விரித்துப் பாடுவது) எடுத்த வரி பொருள் முடியாமல் பாதியில் நிற்பதையும் கண்டுபிடிக்க அது கைகொடுக்கும். தமிழிசைச் சங்கத்தில் தமிழ்ப் பாடல்கள்தான். அங்கே போக விரும்பினால் கொல்லிப் பண்ணுக்கு (பண் என்பது பழந்தமிழ் ராகம்) நவரோஜ், செவ்வழிக்கு யதுகுலகாம்போஜி போன்ற பண் இணைகளையும் படித்துக்கொண்டு போங்கள்.

2. நோட்டு

கையடக்கமான, கோடு போட்ட, சரசரக்காத தாள் உள்ள நோட்டு. பேனாவைவிடப் பென்சில் நல்லது. அரை இருட்டில் மை வரவில்லை என்பது தெரியாது. செல்பேசியில் குறிப்பெடுக்காதீர்கள். திரை வெளிச்சம் பின்வரிசையில் இருப்பவர்களின் கண்ணில் அடிக்கும், மேடைக்கும் தெரியும்.

பக்கத்தை மூன்று பத்தியாகப் பிரியுங்கள். இடப்பக்கம் மணி, நடுவில் உருப்படி, வலப்பக்கம் கேட்டது. இப்படி இருக்கும்:

6.34 | வர்ணம், ஆதி | இரண்டாம் காலத்தில் தள்ளல், சுருதி 2 கட்டை
6.43 | ஹம்ஸத்வனி, ஆதி | ஸ்வரம் குறைவு, நறுக்
6.55 | பூர்விகல்யாணி ஆலாபனை, 9 நி. | தைவதத்தில் நிற்கிறார், நன்று. தார (மேல்) ஸ்தாயியில் ஒரு முறை சுருதி விலகல்
7.04 | வயலின், 5 நி. | கடைசிப் பிடியைத் திருப்பித் தரவில்லை, தன் வழி

மணியைக் குறிப்பது வெறும் ஒழுங்குக்காக இல்லை. இரண்டரை மணி நேரக் கச்சேரியில் முக்கிய ராகமும் கிருதியும் தனியும் சேர்ந்து ஒரு மணி நேரம் எடுப்பது இயல்பு. அது 35 நிமிடத்தில் முடிந்திருந்தால், அல்லது முன்பாதியில் ஏழு உருப்படி ஓடியிருந்தால், கச்சேரியின் அமைப்பு குலைந்த இடம் நோட்டிலேயே தெரிந்துவிடும். வீட்டுக்கு வந்து யோசித்தால் வராது.

சுருதியைப் பார்க்க ஒரு தம்பூரா செயலி போதும். கச்சேரி தொடங்கும் முன், காதில் இயர்போன் வைத்து, எத்தனை கட்டை என்று பார்த்துவிட்டு அணைத்துவிடுங்கள். பல சபாக்களில் ஒலிப்பதிவுக்குத் தடை உண்டு. நினைவுக்காக என்று சொல்லியும் அனுமதியின்றிப் பதியாதீர்கள். பிடிபட்டால் உங்கள் பெயரோடு நாளிதழின் பெயரும் போகும்.

3. மூன்று மாதிரி விமர்சனங்கள்

பிரசுரமான எழுத்து கையில் இல்லாத நிலையில் ஆசிரியர் எதைப் பார்ப்பார்? மாதிரியைத்தான். ஜனவரி முதல் செப்டம்பர் வரை நடக்கும் கச்சேரிகளில் மூன்றைத் தேர்ந்தெடுங்கள்: ஒரு வாய்ப்பாட்டு, ஒரு வாத்தியம், ஓர் இளம் கலைஞர். ராமநவமித் தொடர்கள், ஆகஸ்ட் வாக்கில் கிருஷ்ண கான சபாவின் கோகுலாஷ்டமித் தொடர் என்று வருடம் முழுக்க வாய்ப்பு உண்டு. பலவற்றுக்கு அனுமதி இலவசம்.

மூன்றும் புகழ்மாலையாக இருந்தால் உங்களைக் கூப்பிட மாட்டார்கள். மூன்றும் குறை சொன்னாலும் அப்படித்தான். ஒன்றிலாவது, இது சரியாக வரவில்லை, காரணம் இது என்று பணிவாகவும் உறுதியாகவும் எழுதியிருக்க வேண்டும். ஒவ்வொன்றும் 250 சொல்லைத் தாண்டக் கூடாது.

4. எப்போது, யாருக்கு

பலர் டிசம்பர் முதல் வாரத்தில் மின்னஞ்சல் அனுப்புகிறார்கள். அதற்குள் யார் எந்தச் சபாவுக்கு என்று பட்டியல் போட்டு முடித்திருப்பார்கள். சபாக்களின் நிகழ்ச்சி நிரல் நவம்பரில் வெளிவரத் தொடங்கும். நாளிதழ்கள் ஆள் ஒதுக்குவதும் அப்போதுதான். ஆகவே செப்டம்பரிலோ அக்டோபர் முதல் பாதியிலோ எழுதுங்கள்.

ஆங்கில நாளிதழ் என்றால் கலைப் பக்கத்தின் பொறுப்பாசிரியருக்கு. இந்து நாளிதழில் ஃப்ரைடே ரிவ்யூ இணைப்பைப் பார்ப்பவருக்கு. தமிழ் நாளிதழ்களில் சீசனுக்கென்று தனிப் பக்கம் ஒதுக்கும்போது அதை யார் பார்க்கிறார் என்பது வருடத்துக்கு வருடம் மாறும். அலுவலகத்துக்குத் தொலைபேசியில் பேசிப் பெயரைக் கேட்டுக்கொள்ளுங்கள். பொது முகவரிக்கு அனுப்பும் கடிதம் பெரும்பாலும் படிக்கப்படுவதில்லை.

மின்னஞ்சல் பத்து வரிக்குள் இருக்கட்டும். எழுத வேண்டியவை: எங்கே, எவ்வளவு காலம் கற்றீர்கள் அல்லது கேட்டு வருகிறீர்கள், எந்த ஏரியாவில் வசிக்கிறீர்கள், பகல் 12 மணி, 2 மணிக் கச்சேரிகளுக்குப் போக முடியுமா, இரவுக்குள் எழுதித் தர முடியுமா, எந்தக் கலைஞர்களோடு உறவு, குரு–சிஷ்யத் தொடர்பு. மாதிரிகளை யூனிகோடில் இணையுங்கள்.

இதில் உங்களுக்கு வேலை வாங்கித் தருவது பகல் ஸ்லாட் பற்றிய வரிதான். மாலைக் கச்சேரிக்கு மூத்த விமர்சகர்கள் இருக்கிறார்கள். பகலில் போக ஆள் இல்லை. அந்த நேரத்தில் பாடும் இருபது வயதுப் பிள்ளைகளைப் பற்றி யாராவது ஒழுங்காக எழுதினால்தான் அடுத்த வருடம் அவர்களுக்கு 4 மணி ஸ்லாட் வரும். சபாவுக்குக் கொடுக்கும் விண்ணப்பத்திலும் வெளிநாட்டு விசா விண்ணப்பத்திலும் அவர்கள் இணைப்பது இந்தப் பத்திரிகை நறுக்குகளைத்தான். உங்கள் 250 சொல்லுக்கு அதிக மதிப்பு இருப்பது அங்கேதான் என்று உறுதியாகச் சொல்வேன்.

பதில் வராவிட்டால் இரண்டு வாரம் கழித்து ஒரு முறை நினைவூட்டுங்கள், மறுமுறை வேண்டாம்.

5. கட்டணம், பான், டிடிஎஸ்

ஒரு விமர்சனத்துக்குச் சில நூறு ரூபாயிலிருந்து சில ஆயிரம் ரூபாய் வரை, நாளிதழைப் பொறுத்து. முதல் கட்டுரைக்கு முன்பே மூன்றைக் கேட்டு மின்னஞ்சலில் வாங்கிக்கொள்ளுங்கள்: தொகை, எழுதியும் பிரசுரமாகாத விமர்சனத்துக்குப் பணம் உண்டா, போக்குவரத்துச் செலவு தருவார்களா.

தயாராக வைக்க வேண்டியவை: பான் அட்டை நகல், உங்கள் பெயர் அச்சிட்ட ரத்து செய்த காசோலை, முகவரிச் சான்று, மாதக் கடைசியில் அனுப்ப ஒரு பில் படிவம். பில்லில் கட்டுரைத் தலைப்பு, வெளியான தேதி, பதிப்பு மூன்றும் இருக்க வேண்டும். ஒன்று விட்டாலும் கணக்குப் பிரிவு திருப்பி அனுப்பும். பான் அட்டையிலும் வங்கிக் கணக்கிலும் பெயர் ஒரே மாதிரி இருக்கிறதா என்று பாருங்கள். இனிஷியலை விரித்து எழுதியதால் பணம் நின்றுபோவது சகஜம். புனைபெயரில் எழுதினாலும் பில் சட்டப்படியான பெயரில்தான்.

ஒரே நிறுவனத்திடமிருந்து நிதியாண்டில் 50,000 ரூபாயைத் தாண்டினால் தொழில்முறைக் கட்டணம் என்று 10 சதவிகிதம் டிடிஎஸ் (பணம் தரும்போதே கழிக்கும் வரி) பிடிப்பார்கள். வரி பிடிக்க வேண்டிய நிலையில் பான் கொடுக்காதிருந்தால் 20 சதவிகிதம். பிடித்த தொகை வருமான வரித் தளத்தில் உங்கள் கணக்கில் ஏறியிருக்கிறதா என்று பார்த்து, கணக்குத் தாக்கல் செய்தால், கட்ட வேண்டிய வரிக்கு மேல் பிடித்ததைத் திரும்ப வாங்கலாம். டிசம்பரில் எழுதியதற்குப் பிப்ரவரி, மார்ச்சில் பணம் வந்தால் அதைத் தாமதம் என்று நினைக்காதீர்கள்.

6. பாஸ், சீட்டு, போக்குவரத்து

சபாக்கள் நாளிதழ் அலுவலகத்துக்குப் பாஸ் அனுப்பும். அது உங்கள் கைக்கு வரும் என்று நம்பியிருக்காதீர்கள். பெரிய கச்சேரி என்றால் ஒதுக்கீடு வந்த அன்றே டெஸ்க்கில் (நாளிதழின் ஆசிரியர் பிரிவு) உறுதிசெய்யுங்கள். பகல் கச்சேரிகளுக்குப் பெரும்பாலும் சீட்டு வேண்டாம். மியூசிக் அகாடமியின் காலை நேர விரிவுரை–செயல்முறை விளக்கங்களுக்கும் அனுமதி இலவசம். புதியவர் ஒருவர் இரண்டு வாரத்தில் இவ்வளவு கற்றுக்கொள்ளும் இடம் வேறில்லை.

ஏரியா பார்த்து ஒதுக்கீடு கேளுங்கள். மியூசிக் அகாடமி, நாரத கான சபா, மயிலாப்பூர் ஃபைன் ஆர்ட்ஸ், பாரதிய வித்யா பவன், ராகசுதா ஹால் ஒரு வட்டாரம். வாணி மஹாலும் கிருஷ்ண கான சபாவும் தி. நகர். 4 மணிக் கச்சேரியைத் தி. நகரில் கடைசிவரை கேட்டுவிட்டு 6.30க்கு ஆழ்வார்பேட்டையில் வர்ணத்துக்கு இருப்பது நடக்காது. ஒரு நாளைக்கு இரண்டு கச்சேரிக்கு மேல் ஒப்புக்கொள்ளவும் வேண்டாம். மூன்றாவதில் காது களைத்துவிடும், அதற்கான விலையைக் கலைஞர் கொடுப்பார்.

7. அரங்குக்குள்

கால் மணி நேரம் முன்னால் போய் நடு வரிசையில், நடைபாதை ஓரம் உட்காருங்கள். முதல் வரிசையில் மேடையின் நேரடி ஒலியும் ஸ்பீக்கரும் கலந்து வரும். ஸ்பீக்கருக்கு நேரே உட்கார்ந்தால் மிருதங்கம் மட்டுமே கேட்கும். 'மிருதங்கம் பாட்டை அமுக்கிவிட்டது' என்று எழுதும் முன் இடம் மாறிக் கேளுங்கள். ஒலி அமைப்பாளரின் தவறைக் கலைஞர் தலையில் எழுதிவிடக் கூடாது. வீணைக் கச்சேரிகளில் இந்தக் கவனம் இரண்டு மடங்கு வேண்டும்.

தனி தொடங்கியதும் பாதி அரங்கம் கேன்டீனுக்குப் போகும். நீங்கள் போகக் கூடாது. கடம் அல்லது கஞ்சிராவோடு குறைப்பு (மாறி மாறி வாசித்து அளவைக் குறைத்துக்கொண்டே வருவது) நடந்த விதம், மோரா (முடிப்பை நோக்கிய சொற்கட்டு), கோர்வை எல்லாம் அப்போதுதான் வருகின்றன. தனியைக் கேட்காமல் 'தனி சிறப்பாக அமைந்தது' என்று எழுதினால், அந்த மிருதங்கக்காரர் படித்த உடனே கண்டுபிடித்துவிடுவார்.

பாட்டு தெரியவில்லையா? பல்லவியின் முதல் இரண்டு சொற்களைக் காதில் விழுந்தபடியே எழுதிக்கொள்ளுங்கள். கச்சேரி முடிந்ததும் தம்பூரா போட்ட மாணவரிடம் கேளுங்கள், பட்டியல் அவரிடம் இருக்கும். ராகமாலிகை ஸ்வரத்தில் (பல ராகங்களில் தொடர்ந்து பாடுவது) ராகங்களின் வரிசையையும் சரிபார்த்துக்கொள்ளுங்கள். கலைஞரிடமே போய்க் கேட்டால் பேச்சு 'எப்படி இருந்தது?' என்பதில் முடியும். அதற்கு அங்கே பதில் சொல்லாதீர்கள்.

8. எழுதுவது

உருப்படிகளை வரிசையாக அடுக்கினால் அது பட்டியல்தான். 250 சொல்லில் கச்சேரியைப் பற்றிய உங்கள் தீர்ப்புக்கு இரண்டு வரி. முக்கிய ராகத்துக்கு 80 சொல். நன்றாக வந்த அல்லது வராத இன்னொரு உருப்படிக்கு 50. பக்கவாத்தியத்துக்குக் குறைந்தது 60. மீதியை ஒரே வரியில் முடியுங்கள்.

"கல்யாணி ஆலாபனை ரசிகர்களை மெய்மறக்கச் செய்தது" என்ற வரியை எந்தக் கச்சேரிக்கும் ஒட்டலாம். அதற்குப் பதில் இப்படி எழுதலாம்: "கல்யாணியில் காந்தாரத்தைச் சுற்றிக் கட்டிய பகுதி நிதானமாக நிறைந்தது, மேல் ஷட்ஜத்துக்குப் போன பிறகு ஒரே பிருகா மூன்று முறை திரும்பியது." அன்று அரங்கில் இருந்தவர் இதைச் சரி என்றோ தவறு என்றோ சொல்ல முடியும். அப்படிச் சொல்ல முடிகிற வாக்கியம்தான் விமர்சனம். "வயலினில் பக்கபலமாக இருந்தார்" என்பதும் எதற்கும் ஒட்டுகிற வரிதான். நிரவலில் பாடகரின் கடைசிப் பிடியிலிருந்து தொடங்கினாரா, ஸ்வரத்தில் கணக்கைப் பிடித்துத் திருப்பித் தந்தாரா என்று எழுதுங்கள்.

குரல் கட்டியிருந்தால் அதைச் சொல்லலாம், மார்கழிப் பனியில் எல்லோருக்கும் நேர்வது. ஆனால் அதை வைத்தே கச்சேரியை எடை போடக் கூடாது. குரல் ஒத்துழைக்காதபோது பாடகர் எந்தப் பாட்டைத் தேர்ந்தார், எந்த ஸ்தாயியைத் தவிர்த்தார் என்று கவனித்தால் அவருடைய வித்தை தெரியும். பட்டுப் புடவை, மேடை அலங்காரம், கூட்டத்தின் அளவு மூன்றும் வேண்டாம்.

எழுதி முடிப்பது அன்றிரவே. மறுநாள் இன்னொரு கச்சேரி கேட்டுவிட்டால் இரண்டு தோடியும் கலந்துவிடும்.

9. அனுப்பும் முன்

எல்லாக் கலைஞர்களின் பெயரும் இனிஷியலும். அவற்றை நிரலில் அச்சிட்டதை வைத்து அல்ல, மேடையில் அறிவித்ததை வைத்து. கடைசி நேரத்தில் பக்கவாத்தியம் மாறுவது சாதாரணம், பழைய பெயரோடு விமர்சனம் வந்தால் இரண்டு பேருக்கும் அநியாயம். ராகம், தாளம், இயற்றியவர் மூன்றையும் சாகித்யப் புத்தகத்தில் பாருங்கள். 'ஷண்முகப்ரியா'வா 'சண்முகப்பிரியா'வா என்பதில் நாளிதழின் வழக்கை டெஸ்க்கில் கேட்டுக்கொள்ளுங்கள்.

10. சட்டமும் கை சுத்தமும்

கடுமையாக எழுதினால் வழக்கு வருமோ என்று பயப்படுகிறவர்கள் பாரதிய நியாய சன்ஹிதாவின் (இந்தியக் குற்றவியல் சட்டம்) 356ஆம் பிரிவைப் படிக்க வேண்டும். பொதுமக்களின் தீர்ப்புக்கு முன்வைக்கப்பட்ட நிகழ்த்துதலின் தகுதி பற்றி நல்லெண்ணத்தோடு சொல்லும் கருத்து அவதூறு ஆகாது என்பது அதன் ஆறாவது விதிவிலக்கு. மேடையேறிப் பாடுகிறவரையே அது எடுத்துக்காட்டாகச் சொல்கிறது. இந்தப் பாதுகாப்பு அன்று பாடிய பாட்டைப் பற்றிய கருத்துக்கு மட்டும். அவருடைய குணம், குடும்பம், எப்படி ஸ்லாட் வாங்கினார் என்ற ஊகம் எதற்கும் கிடையாது.

உங்கள் குரு, குருவின் மற்ற மாணவர்கள், உறவினர், நீங்கள் கமிட்டியில் இருக்கும் சபா, இவற்றின் கச்சேரிகளை எழுதாதீர்கள். ஒதுக்கீடு வந்தால் காரணத்தைச் சொல்லி மாற்றிக் கேளுங்கள், ஆசிரியர்கள் இதை மதிப்பார்கள். சீசன் நெருங்கும்போது வாட்ஸ்அப்பில் "ஒரு வார்த்தை எழுதுங்கள் சார்" என்று வரும்; "ஒதுக்கீடு டெஸ்க் செய்வது" என்ற ஒரே பதில் போதும். கவர், பட்டுச் சால்வை, சாப்பாட்டுக் கூப்பன் எதுவும் வேண்டாம். மேடையில் பொன்னாடை போர்த்த அழைத்தால் மறுத்துவிடுங்கள். பணம் வாங்கிக்கொண்டு கலைஞரின் அறிமுகக் குறிப்பை எழுதிக்கொடுத்தவர் அதே கலைஞரை அந்த வருடம் விமர்சிக்கக் கூடாது.

11. வெளியான பிறகு

டெஸ்க்கில் வெட்டியிருப்பார்கள். பெரும்பாலும் கடைசிப் பத்திதான் போகும், பக்கவாத்தியம் அங்கேதான் இருக்கும். ஆகவே அதை நடுவிலேயே எழுதப் பழகுங்கள். தகவல் பிழை என்று யாராவது சுட்டினால் அன்றே டெஸ்க்குக்குத் திருத்தம் அனுப்புங்கள். கருத்தோடு சண்டை பிடிக்க வரும் தொலைபேசிகளை முழுவதும் கேட்டுவிட்டு, நோட்டைப் பார்த்து மட்டும் பதில் சொல்லுங்கள். நோட்டுகளை மூன்று வருடமாவது தூக்கிப்போடாமல் வையுங்கள்.

வெளியான பக்கத்தைத் தேதி, பதிப்பு தெரியும்படி ஸ்கேன் செய்து வையுங்கள். ஜனவரி முடிவதற்குள் எல்லாப் பில்லும் போய்ச் சேர வேண்டும், நிதியாண்டு மாறினால் கணக்குப் பிரிவில் மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டியிருக்கும். பிப்ரவரியில் ஆசிரியரிடம் அடுத்த சீசனைப் பற்றிப் பேசாதீர்கள். ராமநவமித் தொடரில் எந்த இரண்டு கச்சேரியை எழுதலாம் என்று கேளுங்கள்.